தன்மை ஒருமை

மொழிபெயர்ப்பாளருக்கு ஒரு விதி உண்டு:
"அவர் சொல்கிறார்" என்று தொடங்கக் கூடாது.
சாட்சி "நான்" என்றால் நீயும் "நான்."
படர்க்கைக்கு அந்த மேசையில் நாற்காலி இல்லை.

ஆகவே ஹாம்பர்க்கில், நவம்பர் மழையில்,
காலை ஒன்பதேகாலுக்கு
நான் ஹோம்ஸ் நகரத்துக் குளிர்பெட்டி மெக்கானிக்.
பெயர் ஃபாயிஸ் ஜன்தலி. வயது ஐம்பத்து மூன்று.
எதிரே இருப்பவருக்கு உறவா?
இல்லை.

ராணுவ மருத்துவமனையில் கட்டிலோடு சங்கிலியிட்டார்கள்.
கட்டில் எண் ஒன்பது.
என் தொழில் தெரிந்ததும் கழற்றிவிட்டார்கள்.
ரத்த வங்கியின் குளிர்பெட்டி ஓடவில்லை.
ஒரு ஸ்க்ரூடிரைவர், ஒரு மெழுகுவத்தி, ஒரு காவலன்.

மருத்துவரை இன்னமும் 'ஹகீம்' என்றே சொல்கிறார் ஃபாயிஸ்.
எங்கள் ஊரில் அப்படித்தான். ஞானி என்றும் பொருள்.
ஜெர்மனுக்கு மருத்துவர் மட்டும் போய்ச் சேர்ந்தார்;
ஞானி இரண்டு மொழிகளுக்கு நடுவே
தரையில் விழுந்தார். யாரும் குனிந்து பார்க்கவில்லை.

(நெடில் ஓரெழுத்து முன்னால் நகர்ந்தால்
'ஹாகிம்': நீதிபதி.
நாக்கு தடுக்கிவிடுமோ என்று
நாள் முழுக்கத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தேன்.)

பதினோராம் கட்டிலில் ஒரு பையன், தொடையில் குண்டு.
ஹகீம் அவன் காலருகே நாற்காலி போட்டு உட்கார்ந்தார்.
கைக்கடிகாரத்தைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.
எதுவும் செய்யவில்லை.
நீதிபதி இதை மறுபடி கேட்டார்.
எதுவும் செய்யவில்லை, என்றேன்.
ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை எதையோ எழுதினார்.
நாற்பதுக்குப் பிறகு எழுதவில்லை.
மறுநாள் பன்னிரண்டாம் கட்டில்.

பிற்பகலில் நான் மருத்துவர்.
அதே நாக்கு, அதே ஒலிவாங்கி, அதே தண்ணீர்க் குவளை.
"நான் என்ன செய்ய முடியும்? ரத்தம் கெட்டுப்போயிருந்தது.
குளிர்பெட்டி அந்த மாதம் முழுக்கப் பழுது.
நான் அழுதேன்."
நான் அழுதேன், என்று சொன்னேன்.
தெளிவாக, நல்ல உச்சரிப்பில். அதற்குத்தான் சம்பளம்.

ஃபாயிஸ் எழுந்தார். உட்காரச் சொன்னார்கள். உட்காரவில்லை.
அதை நான் சரி செய்துவிட்டேனே, என்றார்.
செவ்வாய்க்கிழமை. ரிலே எரிந்திருந்தது.
சமையலறைப் பெட்டியிலிருந்து ஒன்றைப் பிடுங்கி மாட்டினேன்.
நான்கு டிகிரி. புதுப் பைகள் வந்தன, பதினேழு.
இரண்டாம் தட்டில் நானே அடுக்கினேன்.
பையன் வந்தது வெள்ளி.

ஓடியது என்று எப்படித் தெரியும்?
எதிர்த்தரப்பு வழக்கறிஞர், மரியாதையாகத்தான் கேட்டார்.

ஃபாயிஸ் கண்ணை மூடினார். வாயையும்.
தொண்டைக்குள்ளிருந்து ஒரு ம்ம்ம்,
முதலில் ஒரு உதறல், பிறகு பிடித்துக்கொண்டு
சீராக ஓடும் கம்ப்ரசர்.
மூச்சு தீரும்வரை ஓட்டினார்.
பையன் சாகும்போது
சுவருக்கு அந்தப் பக்கம் இதுதான் கேட்டது.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.
நான் வாய் திறக்கவில்லை.
பதினாறு வருட வேலையில் முதல் விடுபடல்.

இந்த நாட்டு நீதிமன்றத்தில்
பேச்சைச் சொல்லுக்குச் சொல் பதிவதில்லை.
நீதிபதிகள் வேண்டியதைக் குறித்துக்கொள்கிறார்கள்.
நடுவில் இருந்தவரின் பேனா அசைந்தது.
ஒரு சொல்லா, வெறும் கோடா, தெரியாது.

வெளியே, பயணப்படிப் படிவத்தில்
கையெழுத்து எங்கே என்று கேட்டார் ஃபாயிஸ். காட்டினேன்.
"அவனுக்கும் நீங்கள்தான் 'நான்' என்றீர்கள்."
குற்றம் சொல்லும் குரல் இல்லை.
"பையனின் பெயர் எனக்குத் தெரியாது.
தெரிந்திருந்தால் உங்களிடம் கொடுத்திருப்பேன்."
மழைக்குத் தலையில் பையைக் கவிழ்த்துக்கொண்டு
பேருந்துக்கு ஓடினார்.

இரவு மூன்று மணி இருக்கும். என் சமையலறையில்
பாலும் பாதி எலுமிச்சையும் வைத்த பெட்டி
நின்றது. பிறகு ஓர் உதறல்,
பிடித்துக்கொண்டு ஓடுகிறது.
வெறுங்காலோடு நிற்கிறேன்.
எவ்வளவு நேரம் என்று
பார்க்கவில்லை.